அழகமுத்துவின் பதில்

ஹாலிவுட்டில் வேலை செய்கிறான் என்றால் கெட்டகலைத் தோட்டத்தில் நடிகனைத் தவிர வேறு எதுவும் யாருக்கும் தோன்றாது. நிரோஷன் அங்கே எடிட்டர் என்று ஊர்ப் பக்கம் வந்த அவனுடைய அப்பா பெருமையடித்தபோது, அது என்ன உத்தியோகம் என்று கேட்டார்கள். எடுத்த படத்தை வெட்டி ஒட்டுவது என்று அவரும் தனக்குத் தெரிந்ததைச் சொல்லிவைத்தார். வெட்டி ஒட்டுவதற்கா பிளேன் ஏறிப் போனான், ஓப்பநாயக்க டவுனில் ஒரு தையல் கடை போட்டிருந்தால் இந்நேரம் மாடி வீடே கட்டியிருப்பானே என்று சிரித்தார்கள்.

சிரித்தவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. நல்ல எடிட்டர் வேலை செய்ததே வெளியில் தெரியாது. வெட்டிய இடம் பார்ப்பவன் கண்ணில் பட்டுவிட்டால் அவன் கெட்ட எடிட்டர். நிரோஷன் நல்ல எடிட்டர். அதுதான் வினையாகப் போயிற்று.

கொழும்பில் சிங்கள டெலிநாடகங்களை வெட்டிப் பழகினான். துபாயில் சவர்க்கார விளம்பரங்களை வெட்டினான். பிறகு லொஸ் ஏஞ்சலீஸ் போய், பெரிய எடிட்டர்களுக்கு உதவியாளாக, இருட்டறைகளில் வருஷக்கணக்கில் கிடந்தான். அவன் கண்விழித்துச் சேர்த்துக் கொடுத்த காட்சிகளுக்கு வேறு யாரோ மேடையேறி விருது வாங்கினார்கள். தன் பெயர் திரையில் தனியாக வர வேண்டும் என்ற ஆசை அவனுக்குள் ஒரு வியாதி மாதிரி இருந்தது.

அப்போதுதான் ஹெலன் என்ற டைரக்டர் அவனைத் தேடி வந்தாள். இலங்கைத் தேயிலைத் தோட்டம் ஒன்றில் நடந்த மண்சரிவைப் பற்றி ஆவணப்படம் எடுத்திருந்தாள். தமிழ் தெரிந்த எடிட்டர் வேண்டும். எந்தத் தோட்டம் என்று கேட்டான். அவள் திக்கித் திக்கிச் சொன்ன பெயர் கெட்டகலை. சரிந்தது அவன் பிறந்த லயம், தொழிலாளர்களின் வரிசை வீடு. அவன் குடும்பம் கொழும்புப் பக்கம் வத்தளைக்குக் குடிபோய் வெகுகாலம் ஆகியிருந்ததால் தப்பியது. செத்தவர்கள் எல்லோரையும் அவனுக்கு முறை சொல்லிக் கூப்பிடத் தெரியும்.

அந்தப் படத்தில் பேசியவர்களில் முக்கியமானவர் அழகமுத்து. தோட்டத் தலைவர், தோட்டத்தை நடத்தும் துரையிடம் தொழிலாளர்களுக்காகப் பேசுகிறவர். லயத்தில் நிரோஷன் வீட்டுக்கும் அவர் வீட்டுக்கும் நடுவில் ஒரே சுவர்தான் இருந்தது. அவன் அவரை மாமா என்றுதான் கூப்பிடுவான். கேமராவுக்கு முன்னால் அவரை உட்காரவைத்து, "மலை வெடிப்பு விட்டிருந்தது உங்களுக்கு முன்னமே தெரியுமா?" என்று கேட்டிருந்தார்கள். அவர் பதில் சொன்னார். நீளமாகச் சொன்னார். தெரியும் என்றார். துரையின் பங்களாவுக்கே போய்ச் சொன்னேன் என்றார். துரையின் பெயரைச் சொன்னார், கம்பெனியின் பெயரைச் சொன்னார். கடைசியில் அழுதார்.

அங்கேதான் சிக்கல். வக்கீல்கள் படத்தைப் பார்த்துவிட்டு, கம்பெனி வழக்குப் போடும், இந்தப் பதில் இருக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார்கள். பதில் போனால் கேள்வியும் போக வேண்டும். கேள்வி போனால் படத்தின் முதுகெலும்பே போய்விடும். ஹெலன் தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

பேட்டி எடுக்கிறவர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பேசி முடித்ததும் எல்லோரையும் அசையாமல் சும்மா இருக்கச் சொல்வார்கள். சத்தம் பதிகிற ஆள் அந்த அறையின் வெறும் ஓசையைக் கொஞ்ச நேரம் பிடித்துக்கொள்வான். ரூம் டோன் என்று அதற்குப் பெயர். வெட்டிய இடங்களில் ஓட்டை விழாமல் பூசி மெழுக அது உதவும். அழகமுத்துவும் சொன்ன சொல் தட்டாமல் வாயை மூடி, மடியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அழுது ஓய்ந்த முகம். ஒரு தரம் எச்சில் விழுங்கினார். அப்போதும் கேமரா ஓடிக்கொண்டுதான் இருந்தது.

நிரோஷன் அந்த மௌனத்தைத் தூக்கிக் கேள்விக்குப் பின்னால் வைத்தான்.

ஹெலன் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டாள். பிரமாதம் என்று அவன் தோளைப் பிடித்து உலுக்கினாள். மலை வெடித்தது தெரியுமா என்று கேட்டதும், ஒரு மனிதர் தலையைக் குனிந்து, வாய் திறக்காமல், எச்சில் விழுங்குகிறார். பார்க்கிறவன் நெஞ்சு அடைத்துக்கொள்ளும். அந்த அறையில் தமிழ் தெரிந்தவன் அவன் ஒருவன்தான். ஊர் இதை அவர் பதிலாகவே எடுத்துக்கொள்ளும் என்று சொல்ல வேண்டியவனும் அவன் ஒருவன்தான். நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தான். மறுநாள் சப்டைட்டில் வேலை வந்துவிட்டது. படம் விருது வாங்கியது. விருது கொடுத்தவர்கள் அந்த மௌனத்தைத்தான் எடுத்துப் பேசினார்கள். அதற்குப் பிறகு பெரிய ஸ்டூடியோக்களின் கதவு அவனுக்குத் திறந்தது, பெயரும் தனியாக வந்தது.

படம் போன் விட்டுப் போனாகக் கெட்டகலைக்கும் வந்து சேர்ந்தது. "அழகமுத்து அண்ணன ஊர்ல ஒரு மாதிரி பேசிக்கிறாங்கடா" என்று அம்மா ஒரு நாள் சொன்னாள். சாப்பிட்டீங்களா அம்மா என்று கேட்டு அவன் பேச்சை மாற்றிவிட்டான்.

இப்போது மண்சரிவின் நினைவு நாளுக்கு அவனைப் பிரதம விருந்தினராக அழைத்திருந்தார்கள். அழைத்தவன் சசி, வாலிபர் சங்கத்துச் செயலாளர். மண்சரிவில் தாயைப் பறிகொடுத்தவன். தப்பியவர்களுக்குக் கட்டிக்கொடுத்த புதுக் குடியிருப்பின் மண்டபத்தில் படத்தைத் திரையிட்டு விருந்தினருக்கு மாலை போடுவதாக ஏற்பாடு. வர முடியாது என்று சொல்ல நிரோஷனுக்கு நல்ல காரணங்கள் பல இருந்தன. ஒன்றையும் சொல்லாமல் வருகிறேன் என்றுவிட்டான். அழகமுத்துவைத் தனியே பார்த்து விஷயத்தைச் சொல்லி மன்னிப்புக் கேட்டுவிட்டால் மனப் பாரம் குறையும் என்று தோன்றியது. ஊருக்குத் தெரியாமல் காரியத்தை முடித்துவிடலாம் என்ற கணக்கு. நம்முடைய ஆள் மன்னிப்பையும் வெட்டி ஒட்டத்தான் பார்த்தார்.

ஓப்பநாயக்கச் சந்தியில் வாடகை வானை நிறுத்தி அப்துல் ரஸாக்கின் கடையில் வாழைப்பழமும் பிஸ்கட்டும் வாங்கினான். ரஸாக் அவனைச் சின்ன வயதிலிருந்தே அறிந்தவர்; தோட்டத்தில் எல்லோருக்கும் நானா, அண்ணன் முறை.

"அழகமுத்து அண்ணன்ட ஊட்டுக்கா கொண்டு போறீங்க?" என்றார்.

"ஓம் நானா. மாமி எப்படி இருக்காங்க?"

ரஸாக் தராசை நிறுத்திவிட்டு அவனைப் பார்த்தார். "ஒங்களுக்குத் தெரியாதா? இலட்சுமியக்கா மௌத்தாகி மாசக்கணக்கா ஆகுதே."

நிரோஷன் கையில் இருந்த பிஸ்கட்டைக் கீழே வைத்தான்.

"அதச் சொன்னா வெக்கக்கேடு, தம்பி. ஒரு ஆளும் வரல்ல. மரணாதாரச் சங்கத்துக் கூடாரம் குடுக்கல்ல, கதிரை குடுக்கல்ல. தப்பு மேளம் அடிக்கவும் ஆள் இல்ல. தொரைட்ட சல்லி வாங்கிட்டு வாய மூடினவன்ட ஊட்டுக்கு நாங்க போக மாட்டோம்னுட்டாங்க. நானும், கீழ கிராமத்துச் சிங்கள ஆள்கள் ரெண்டு பேரும், அண்ணனும் சேந்துதான் பெட்டியத் தூக்கின."

தோட்டத்தில் ஒரு சாவு விழுந்தால் அன்று மலையில் கொழுந்துக் கூடை ஏறாது. ஜென்மப் பகையாளியும் வந்து முற்றத்தில் ஒரு ஓரமாக நிற்பான். அப்படிப்பட்ட இடத்தில் ஒரு பெட்டியைத் தூக்கச் சொந்த சனத்தில் ஆள் இல்லை. ரஸாக் பழத்துக்குக் காசு வாங்க மறந்துவிட்டார். நிரோஷனும் கொடுக்க மறந்து வானில் ஏறினான்.

அழகமுத்துவின் வீடு குடியிருப்பின் கடைசியில் இருந்தது. மற்ற வீடுகளின் பிள்ளைகள் அந்த முற்றம் வரை பந்தைத் துரத்திக்கொண்டு வந்து, திடீரென்று நின்று, திரும்பிப் போனார்கள். கதவைத் திறந்தது மகள் கிருஷ்ணகுமாரி. பலாங்கொடையில் ஒரு கார்மெண்ட் ஆலையில் வேலை. அவனை அண்ணே என்று கூப்பிட்டு வளர்ந்தவள். இப்போது "வாங்க" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

அழகமுத்து இளைத்துப் போயிருந்தார். ஆனால் அவனைக் கண்டதும் முகம் மலர்ந்தது. அதுதான் அவனுக்குத் தாங்கவில்லை. திட்டியிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

"வாப்பா நிரோஷா. நீ வர்றேன்னு மைக்ல சொன்னாங்க. என்னைய எங்க பாக்க வரப்போறன்னு நெனச்சேன்." பக்கத்தில் உட்காரவைத்து அவன் கையைப் பிடித்துக்கொண்டார். "ஒன்னைய ஒன்னு கேக்கணும். ரொம்ப நாளா கேக்கணும்னு இருக்கேன். நீ அந்தப் படத்த முழுசா பாத்திருப்ப இல்ல? எடுத்தது அம்புட்டையும்?"

"பாத்தேன் மாமா."

"நா சொன்னேனா?"

"என்னது மாமா?"

"தொரைகிட்ட சொன்னேன்னு கேமராவுல நா சொன்னேன்னுதான் நெனச்சிக்கிட்டு இருந்தேன். படத்துல பாத்தா உம்முனு ஒக்காந்திருக்கேன். ஊர்ல கேக்குறாங்க, தொரைகிட்ட சொன்னது நெசம்னா வெள்ளக்காரிகிட்ட என்னாத்துக்குச் சொல்லலன்னு. எனக்குப் பதில் இல்ல. இலட்சுமியும் கேட்டா. சாகுறதுக்கு முந்தியும் கேட்டா. கேமராவப் பாத்து பயந்துட்டேன் போல புள்ளன்னு சொன்னேன். வேற என்னாத்தச் சொல்ல? படத்துல இருக்கறத இல்லன்னு சொல்ல முடியுமா?" அவர் குரலைத் தாழ்த்தினார். "நீ சொல்லு. நா பயந்துட்டேனா?"

வரும் வழியெல்லாம் மனதில் எழுதித் திருத்திய மன்னிப்பு வசனத்தை நிரோஷன் தள்ளிவைத்தான்.

"இல்ல மாமா. சொன்னீங்க. எல்லாத்தையும் சொன்னீங்க. நாந்தான் வெட்டினேன்." பிறகு எல்லாவற்றையும் சொன்னான். வக்கீல்கள், ஹெலன், அறையின் ஓசை பிடிப்பதற்காக அவரைச் சும்மா இருக்கச் சொன்னது, அதைத் தூக்கிக் கேள்விக்குப் பின்னால் வைத்தது. சொல்லச் சொல்லத் தன் குரல் தனக்கே அருவருப்பாக இருந்தது.

அழகமுத்து அவன் கையை விட்டார். மெதுவாகத்தான் விட்டார். "நா பேசினது இப்ப எங்க இருக்கு?"

"என்னோட லேப்டொப்ல இருக்கு."

"அப்ப மண்டபத்துல அதப் போடு."

நிரோஷன் இதை எதிர்பார்த்திருக்கவில்லை. "மாமா, நானே மைக்ல சொல்றேன். தப்பு என்னோடதுன்னு எல்லாருக்கும் முன்னால சொல்றேன்."

"வாயால சொன்னா எவன் நம்புவான்? நானும் வாயாலதான் சொன்னேன். படத்துல காட்டினாத்தான் நம்புறாங்க. நீதானே அப்புடிப் பழக்கி வச்சிருக்க."

அவன் தலை குனிந்தான். பயமும் வந்தது, மறைக்க என்ன இருக்கிறது. வெளியிடாத காட்சிகள் படக் கம்பெனிக்குச் சொந்தம். மண்டபத்தில் ஓடவிட்டால் பத்துப் பேர் போனைத் தூக்கிப் பதிவார்கள். நாளைக்கு முகப்புத்தகத்தில் வரும். துரையின் பெயர் வரும், வக்கீல்கள் வருவார்கள், விருது வாங்கிய மௌனம் எங்கிருந்து வந்தது என்று உலகம் கேட்கும். அடுத்த மாதம் அவனுக்காகக் காத்திருக்கும் பெரிய படம் வேறு ஆளுக்குப் போகும். இனிமேல் ஒரு டைரக்டர் தன் படத்தை நம்பி இவன் கையில் கொடுப்பாரா? இவ்வளவையும் அவன் இலட்சுமி மாமியின் படத்துக்கு முன்னால் உட்கார்ந்துதான் யோசித்தான். மாமியின் படத்தில் மாலை வாடியிருந்தது. அவனுக்குத் தன் மேல் வந்த வெறுப்புக்கு அளவில்லை.

"போடுறேன் மாமா" என்றான். "நீங்களும் வாங்க."

"நா வரல. நா பேசினது எனக்குத் தெரிஞ்சா போதும். அவங்க பாக்கட்டும்."

மண்டபத்தில் வெளிச்சம் வராமல் ஜன்னல்களுக்கு உரச் சாக்குகளைக் கட்டியிருந்தார்கள். சசி மாலையோடு ஓடி வந்தான். மாலையை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று நிரோஷன் மைக்கைக் கேட்டு வாங்கினான். படத்தில் அழகமுத்து மாமா பேசாமல் இருக்கும் இடம் பொய், அதைச் செய்தது நான், அவர் உண்மையில் சொன்னது இதுதான் என்று மட்டும் சொன்னான். அதற்கு மேல் பேசினால் தன்னைப் பற்றித்தான் பேசுவோம் என்று அவனுக்குத் தெரியும். பொத்தானை அமுக்கினான்.

திரையில் அழகமுத்து. கேள்வி வந்தது. கொஞ்சமும் தயங்காமல் பதில் வந்தது.

"தெரியுங்க. லயத்துக்கு மேல கையி போற அளவு வெடிச்சிருந்திச்சி. நா பங்களாவுக்கே போயி தொரைகிட்ட சொன்னேன். சனங்கள பயமுறுத்தாத, பழைய ஸ்டோரு கட்டடத்தத் தொறந்து விடுறேன், எல்லாரையும் அங்க கொண்டு போயிரலாம்னாரு. சாவி குடுத்து அனுப்புறேன்னாரு. மழ கொட்டுது. நா சாவிக்குக் காத்துக்கிட்டு இருந்தேன். திரும்பவும் போனேன். வரும்னாரு. நா அந்தப் பூட்ட ஒடச்சிருக்கணும்ங்க. தொர பேச்சக் கேட்டுப் பழகின புத்தி, ஒடைக்கத் தோணல. சாவி வரும் வரும்னு இருந்தேன். மலதான் வந்திச்சி." பிறகு துரையின் பெயரையும் கம்பெனியின் பெயரையும் சொல்லி, முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டு அழுதார்.

நிரோஷன் அதை நிறுத்தவில்லை. அழுகை ஓய்ந்தது. "இனிக் கொஞ்ச நேரம் சும்மா இருங்க ஐயா, சத்தம் பதியணும்" என்று மொழிபெயர்க்க வந்த பையனின் குரல் கேட்டது. "சரிங்க" என்று அழகமுத்து தலையாட்டிவிட்டு, வாயை மூடி, மடியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தார். ஊரே பல தடவை போனில் பார்த்துப் பார்த்துக் காறித் துப்பிய அதே மௌனம். ஒரு தரம் எச்சில் விழுங்கினார்.

முன்வரிசையில் ஒரு பெண் வாய்விட்டு அழுதாள். சசி மேடைக்குக் கீழே மாலையைப் பிடித்தபடி நின்றான். பிறகு மாலையை நாற்காலியில் போட்டுவிட்டு வெளியே நடந்தான். அவன் எங்கே போகிறான் என்று எல்லோருக்கும் தெரிந்தது. ஒவ்வொருவராக எழுந்து பின்னால் போனார்கள். நிரோஷன் லேப்டொப்பை மூடிவிட்டுக் கடைசி ஆளாக நடந்தான்.

அவன் போய்ச் சேர்ந்தபோது அழகமுத்துவின் முற்றம் கொள்ளாத கூட்டம். சசி அவர் காலைக் கட்டிக்கொண்டு கிடந்தான். "எந்திரிப்பா" என்று அழகமுத்து அவனைத் தூக்க முயன்றார். "நா பூட்ட ஒடச்சிருந்தா ஒங்கம்மா இன்னைக்கி இருப்பா. ஏம் மேலயும் தப்பு இருக்குப்பா." அந்தப் பேச்சை யாரும் காதில் வாங்கவில்லை. தலைவர் என்று பழையபடி கூப்பிட்டார்கள். மன்னிச்சிருங்க என்று கைகூப்பினார்கள். யாரோ அடுப்பில் தண்ணீர் வைத்தார்கள், யாரோ சீனி கொண்டு வந்தார்கள். இலட்சுமியின் படத்துக்கு முன்னால் பெண்கள் உட்கார்ந்து, மாதக்கணக்கில் பிந்திப் போன ஒப்பாரியை ஆரம்பித்தார்கள்.

நிரோஷன் வேலியோரம் நின்றான். நெஞ்சு இலேசாகியிருந்தது. சம்பளம், பெயர், அடுத்த படம் எல்லாம் போனால் போகட்டும், செய்ய வேண்டியதைச் செய்துவிட்டோம் என்று ஒரு நிம்மதி. தன் முதுகைத் தானே தட்டிக்கொள்கிற அளவுக்குக்கூட வந்துவிட்டான்.

கிருஷ்ணகுமாரி தேநீரோடு வந்தாள். விருந்தாளி என்று அவனுக்கும் கொடுக்கத்தான் வேண்டியிருந்தது.

"தங்கச்சி, இனி எல்லாம் சரியாயிரும்" என்றான்.

அவள் கூட்டத்தைத் திரும்பிப் பார்த்தாள். "எம்புட்டு ஆளு பாருங்க. அன்னைக்கி இதுல ஒருத்தர் இல்ல." கோபமாகச் சொல்லவில்லை, களைப்பாகச் சொன்னாள். "பெட்டியத் தூக்கிட்டுப் போறப்ப பாதி வழியில அப்பாவுக்கு முழங்கால் மடங்கிருச்சி. மாத்த ஆளில்ல. எறக்கியும் வைக்க முடியாது, ஒரே சேறு. நாந்தான் ஓடிப்போயி தோள் குடுத்தேன். பொம்பளப்புள்ள சுடுகாட்டுக்குப் போகக்கூடாதுன்னு சொல்லக்கூட ஒரு ஆள் இல்லண்ணே. எங்கம்மாவ நானே தூக்கிட்டுப் போனேன்."

அவன் தேநீர்க் கோப்பையை வேலிக் கட்டையில் வைத்தான்.

"அம்மா கடைசி வரைக்கும் அப்பா பயந்துட்டாருன்னு நெனச்சிக்கிட்டே போயிட்டா. நீங்க வெட்டுறதுல பெரிய கெட்டிக்காரராம், மைக்ல சொன்னாங்க. முடிஞ்சா அந்த நாள வெட்டி எடுத்துருங்கண்ணே. வேற ஒன்னும் வேணாம்."

உள்ளேயிருந்து யாரோ இன்னும் கோப்பை இருக்கிறதா என்று கேட்டார்கள். இருக்கு, கொண்டாறேன் என்று சொல்லிக்கொண்டு கிருஷ்ணகுமாரி வீட்டுக்குள் போனாள்.